அறை வாசிப்பு

அவர் கண்ணைத் திறந்தபோது உள் அறையில் எல்லாம் வைத்த இடத்தில் இருந்தன. ஜன்னலில் மட்டும் ஒரு கம்பி கூடுதலாக இருந்தது.

ஐந்து இருக்க வேண்டிய இடத்தில் ஆறு. நாற்காலியில் உட்கார்ந்தபடியே இடமிருந்து எண்ணினார், பிறகு வலமிருந்து எண்ணினார். மத்தியான வெயில் அந்த ஆறு கம்பிகளின் நிழலையும் தரையில் நீளமாக இழுத்துப் போட்டிருந்தது, நிழலும் ஆறு. புதிதாக வந்த கம்பியிலும் பெயிண்ட் உரிந்திருந்தது, அடியில் துருப்பிடித்திருந்தது, கட்டடம் கட்டிய நாளிலிருந்தே அங்கே நிற்பது போன்ற உரிமையோடு அது நின்றுகொண்டிருந்தது. கீழ்த்தளத்து அச்சகத்தின் தடதடப்பு இன்னும் காதுக்கு வந்து சேரவில்லை. சத்தமும் வாசனையும் எப்போதும் கடைசியில்தான் வரும் என்பதால் அதைப் பற்றி அவர் கவலைப்படவில்லை.

இருந்தது ஒரே ஒரு குரல். அக்காவின் குரல். "மேசை ஒன்று. மேசைமேல் தண்ணீர்க் கூஜா ஒன்று. கூஜாவுக்கு மூடி ஒன்று..."

அக்கா தப்பாக எண்ணிவிட்டாள் என்று நினைத்துக்கொண்டார். முப்பது வருடம் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக்கொடுத்தவளுக்கு ஐந்து கம்பியை எண்ணத் தெரியவில்லை. அவருக்குச் சிரிப்புக்கூட வந்தது.

சபையில் அவரை எல்லோரும் செயலாளர் என்றுதான் கூப்பிடுவார்கள். 'அடுக்கறிவுச் சபை' என்று மாடிப்படியின் கீழே பலகை மாட்டியிருந்தாலும், உள்ளே என்ன நடக்கிறது என்று தெருவில் ஒருவருக்கும் தெரியாது. பாத்திரம் அடுக்கக் கற்றுத்தருகிற இடமா என்று கேட்டுக்கொண்டு ஒரு அம்மாள் மூச்சிரைக்க ஏறி வந்ததுண்டு. உறுப்பினர்கள் பத்தொன்பது பேர். ஒரு பல் வைத்தியர், ஒரு நூலகர், ஓய்வுபெற்ற இரண்டு வக்கீல்கள், இப்படி. பழைய சுவரில் பெயிண்டுக்குக் கீழே பெயிண்ட் இருப்பது மாதிரி, நாம் பார்க்கிற இந்த உலகத்துக்குக் கீழேயும் வேறு வேறு அடுக்குகள் இருக்கின்றன என்பது அவர்கள் கண்டது. அவற்றில் இறங்கிப் பார்ப்பதும், பார்த்ததை எழுதிவைப்பதும் அவர்கள் வேலை.

இறங்குவது அப்படியொன்றும் பிரம்மவித்தை இல்லை. உள் அறையின் நாற்காலியில் உட்கார்ந்து, அறையிலுள்ள நாற்பத்தொரு பொருட்களையும் ஒவ்வொன்றாக மனதிலிருந்து விட்டுவிட வேண்டும். எல்லாவற்றையும் விட்டவர் இறங்கிவிடுவார். திரும்பி வருவதுதான் பாடு. அதற்காகத்தான் அறை வாசிப்பு. மூலையில் ஒருவர் பதிவேட்டோடு உட்கார்ந்து, அதே நாற்பத்தொன்றையும் கண்ணால் பார்த்து, வாயால் சொல்லி, கட்டத்தில் ஒரு டிக் போட்டு, முடிந்ததும் முதலிலிருந்து மறுபடி சொல்லிக்கொண்டே இருப்பார். அவர் சொல்லச் சொல்ல, கீழே இருப்பவரைச் சுற்றி அறை திரும்ப எழும்பும். கடைசிப் பொருள் கதவு. அதைத் திறந்து வெளியே போனால், மேலே தன் உடம்பில் கண் விழிக்கலாம்.

விதி ஒன்றே ஒன்று. எழும்பிய அறையில் ஏதாவது ஒன்று தப்பாக இருந்தால் கதவைத் தொடக்கூடாது. அது நம் அறை இல்லை, அந்தக் கதவு நம்மை நம் உடம்பில் கொண்டு சேர்க்காது. வலது ஆள்காட்டி விரலைத் தூக்க வேண்டும். மேலே நாற்காலியில் கிடக்கிற உடம்பில் அந்த ஒரு விரல் மட்டும் அசையும். வாசிப்பவர் அதைப் பார்த்து, பொருட்களை மறுபடி சரிபார்த்து, அடுத்த சுற்றில் திருத்திச் சொல்வார்.

செயலாளர் விரலைத் தூக்கினார். பிறகு கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தார்.

இன்றைக்கு அவருக்குக் காத்திருப்பதில் வருத்தமே இல்லை. பழைய தலைவர் போன மாதம் காலமாகிவிட்டார், வெள்ளிக்கிழமை தேர்தல், ஏழாவது அடுக்கைத் தொட்டவர்தான் தலைவராக நிற்கலாம். இதுவரை மூன்றாவதைத் தாண்டாதவர் இன்று ஏழாவதைத் தொட்டுவிட்டு வந்திருக்கிறார். அங்கே என்ன இருந்தது என்று கேட்டால், ஒன்றும் இல்லை என்றுதான் சொல்வார். ஆனால் அந்த ஒன்றும் இல்லாத இடத்தில் யாரோ சுவரைச் சுரண்டுகிற சத்தம் கேட்டது. சுவரே இல்லாத இடத்தில். அதை அறிக்கையில் எழுத வேண்டாம் என்று அப்போதே முடிவுசெய்துவிட்டார்.

வழக்கமாக வாசிக்கிறவரைத் தொண்டைக்காரர் என்பார்கள், அப்படி ஒரு வெண்கலக் குரல். இன்று காலை பார்த்து அவருக்குக் குரலே எழும்பவில்லை.

"தொண்டைக்காரருக்கே தொண்டை கட்டிக்கிச்சாம்," என்று காலையில் அக்காவிடம் அலுத்துக்கொண்டார். "வெள்ளிக்கிழமைக்குள்ள இறங்கலேன்னா எல்லாம் போச்சு."

"நான் வாசிக்கறேன்டா."

"உனக்கு எதுக்கு இந்த வேலை? மூணு மணி நேரம் வாய் ஓயாம சொல்லணும்."

"நாப்பது பிள்ளைங்களை நாள் பூரா கத்தி மேய்ச்சவ நான். நாப்பத்தோரு சாமான் எனக்கு ஒரு பெருசா?"

அவள் சொன்னதும் சரிதான். பத்து வருடமாகச் சபையின் பழைய பதிவேடுகளைப் பிரதியெடுப்பது அவள்தான். முறை முழுவதும் அத்துப்படி. அந்த வேலையை வாங்கிக்கொடுத்ததும் இவர்தான், தன் வீட்டிலேயே ஒரு அறையை ஒழித்துக் கொடுத்ததும் இவர்தான். புருஷனை இழந்த அக்காவுக்குத் தம்பியை விட்டால் யார் இருக்கிறார்கள் என்று சபையே அவரை மெச்சியது. மெச்சும்போதெல்லாம் அவர் தரையைப் பார்ப்பார். அடக்கம் என்று நினைத்துக்கொண்டார்கள்.

"ஜன்னல் ஒன்று," என்றது குரல். "கம்பி ஏழு."

ஏழாவது கம்பி எப்போது வந்தது என்று அவர் பார்க்கவில்லை. கண்ணை இமைத்துத் திறந்தால் இருந்தது. வெயில் கொஞ்சம் மங்கி, தரையில் நிழல்கள் நெருங்கிப் படுத்திருந்தன.

அவர் நிமிர்ந்து உட்கார்ந்தார். விரலைத் தூக்கினார். ஒரு முறை, இரண்டு முறை, அவள் கண்ணில் படாமல் போகக்கூடாதென்று மூன்று முறை. குரல் தடுமாறாமல் மின்விசிறிக்குப் போய், கடிகாரத்துக்குப் போய், பேனாவுக்குப் போய், கதவில் முடிந்து, மறுபடி மேசையில் தொடங்கியது. வயதாகிவிட்டது, கண் மங்கல், வாசிப்புக் கண்ணாடியை மறந்துவிட்டு வந்திருப்பாள். என்னென்னவோ சமாதானம் தேடினார். ஆனால் ஒரு விஷயம் எதிலும் பொருந்தவில்லை. தப்பாக எண்ணுகிறவர்கள் தயங்குவார்கள். அவள் தயங்கவே இல்லை.

இந்தச் சுற்றில் அவள் ஜன்னலைச் சொல்லவில்லை.

கூஜாவின் மூடியிலிருந்து நேராக மின்விசிறிக்குப் போய்விட்டாள். அந்த இடைவெளியில் ஜன்னல் இருந்த இடம் வெறும் சுவரானது. உடைந்து மூடிக்கொள்ளவில்லை, சத்தம் எதுவும் இல்லை, அங்கே எப்போதும் சுவர்தான் இருந்தது என்பது போல இருந்தது. வெயிலும் அதோடு போய்விட்டது. விளக்கின் மஞ்சள் வெளிச்சம் மட்டும் மிச்சம். அப்போதுதான் அந்த வாசனை வந்தது. வரக்கூடாத வாசனை. ஈரச் சுண்ணாம்பை நகத்தால் சுரண்டினால் வருகிற, மூக்கின் உள்ளே காந்துகிற வாசனை.

"அக்கா!" என்று கத்தினார். மேலே அது கேட்காது என்று தெரிந்தும் கத்தினார்.

பென்சிலைக் கீழே வைக்கிற சத்தம்.

"தம்பி," என்றாள் அக்கா. வாசிக்கிற குரல் இல்லை, வீட்டில் கூப்பிடுகிற குரல். "விரலைத் தூக்கறே. பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன்."

அவர் தூக்கின விரல் அப்படியே நின்றது.

"அவரும் தூக்கினாரா?"

தூக்கினார்.

பதினோரு வருடத்துக்கு முன்னால் இதே நாற்காலியில் உட்கார்ந்திருந்தவர் அக்காவின் கணவர். செயலாளருக்கு மாமா. ஏழாவது அடுக்கை முதலில் தொட்டவர், அடுத்த தலைவர் என்று எல்லோரும் பேசிக்கொண்டவர். மூலையில் வாசித்தவர் இவர். அன்று இவர் செயலாளர்கூட இல்லை, மாமாவின் வால் என்றுதான் பெயர். அந்தப் பெயர் அவரை அரித்துக்கொண்டே இருந்தது. மாமாவின் குறிப்பேடுகளில் ஒரு வரிகூடத் தன்னால் எழுத முடியாது என்பது அதைவிட அரித்தது. பொறாமைதான், அதற்கு நல்ல பெயர் எதுவும் கிடையாது. அன்று அவர் நாற்பது பொருளை வாசித்தார். நாற்பத்தொன்றாவதை வாசிக்கவில்லை.

மாமாவின் விரல் எழுந்தது. எழுந்துகொண்டே இருந்தது. பார்க்கப் பிடிக்காமல், பக்கத்திலிருந்த ஒரு தடிப் பதிவேட்டை எடுத்து அந்தக் கைமேல் வைத்தார். சாயங்காலத்துக்குள் மூச்சு அடங்கியது. நெஞ்சு நின்றுவிட்டது என்று சொன்னார், எல்லோரும் நம்பினார்கள். பதிவேட்டை எடுத்தபோது விரல் அதன் அட்டையில் பள்ளம் பதித்திருந்தது.

"முப்பத்தெட்டு சுற்று வாசிச்சிருக்கே," என்றாள் அக்கா. "சுற்றுக்கு நாப்பது டிக். கதவுக்கு நேரா மட்டும் முப்பத்தெட்டு கட்டமும் காலி. கீழ உன் கையெழுத்து. அந்தப் பக்கத்தைப் பிரதியெடுத்தப்ப என் கை என்ன பாடு பட்டுச்சு தெரியுமா?"

செயலாளருக்கு அது நினைவே இல்லை. சொன்னதற்கு மட்டும்தான் டிக், சொல்லாததற்கு டிக் கிடையாது என்று சபையில் சேர்ந்த முதல் நாளே சொல்லிக்கொடுப்பார்கள். எத்தனையோ ஆயிரம் சுற்றுகளில் அது எலும்பில் ஊறிப்போயிருந்தது. பொய் சொல்ல மூளை தயாராக இருந்தபோதும் கை தன்பாட்டில் நேர்மையாக இருந்திருக்கிறது.

"ஒரு டிக் போட்டிருந்தா எனக்குத் தெரிஞ்சே இருக்காதுடா. சொல்லாததுக்கு டிக் போட உனக்குக் கை வரல. அவரைக் கொல்ல மட்டும் கை வந்துச்சு." அவள் மூச்சு விடுவது கேட்டது. "நாலு வருஷமாச்சு அதைப் பாத்து. நாலு வருஷமா உன் மூஞ்சியைப் பாத்து, சாப்பிட வாடான்னு கூப்பிட்டிருக்கேன். ஒவ்வொரு தடவையும் நாக்கைக் கடிச்சுக்கிட்டுக் கூப்பிட்டேன்."

அவர் கதவைப் பார்த்தார். கதவு இன்னும் இருந்தது. போன சுற்றில் அவள் அதைச் சொல்லியிருந்தாள். அடுத்த சுற்றின் முடிவு வரைக்கும் இருக்கும். தப்பான அறையின் கதவு எங்கே கொண்டுபோகும் என்று யாருக்கும் தெரியாது, போனவர்கள் யாரும் வந்து சொன்னதில்லை. எங்கேயாவது போகட்டும். இங்கே இருக்க முடியாது.

எழுந்தார். கால் தூக்குவது இடுப்பளவு தண்ணீரில் நடப்பது போல இருந்தது.

"இப்ப எந்திரிச்சிருப்பே," என்றாள் அக்கா. பென்சிலை எடுக்கிற சத்தம். "மேசை ஒன்று. மேசைமேல் தண்ணீர்க் கூஜா ஒன்று."

இரண்டடி. மின்விசிறி ஒன்று. கடிகாரம் ஒன்று. அவள் வேகமாகச் சொல்லவில்லை. பிள்ளைகளுக்குப் பாடம் சொல்கிற அதே நிதானம். அலமாரி ஒன்று. அலமாரியில் புத்தகம் பதினெட்டு. மூன்றடி. சுண்ணாம்பு வாசனை தொண்டைக்குள் இறங்கியது. கையை நீட்டினார். கைப்பிடி விரலில் பட்டது. பித்தளையின் குளிர்ச்சி.

"பேனா ஒன்று," என்றாள் அக்கா. நாற்பதாவது.

பிறகு ஒன்றும் சொல்லவில்லை.

கைப்பிடி இருந்த இடத்தில் சுவர் இருந்தது. அவர் விரல்கள் சுவரைப் பிடித்துக்கொண்டு வளைந்திருந்தன.

அவர் அதை உள்ளங்கையால் அடித்தார். தோளால் மோதினார். அழுதார் என்றுதான் சொல்ல வேண்டும். அக்கா, அக்கா, தெரியாமப் பண்ணிட்டேன் என்று சுவரிடம் சொன்னார். தெரியாமல் செய்யவில்லை என்பது சொல்லும்போதே அவருக்குத் தெரிந்தது. முகத்துக்கு நேராக, சுண்ணாம்பில் கோடுகள் தெரிந்தன. நான்கு நான்காக, மேலிருந்து கீழே. தலைக்கு மேலே எட்டும் உயரம்வரை. நான்கு சுவர்களிலும். சில கோடுகள் ஆழமாக, சில மேலோட்டமாக. கீழே போகப் போகப் பழுப்பாக.

இது புதிய அறை இல்லை. இதில் ஏற்கெனவே ஆள் இருக்கிறது.

"அவருக்கு வெளியே வரணும்டா," என்றாள் அக்கா. குரல் உடைந்துவிட்டது. "பதினோரு வருஷமா வழி தேடறார். வந்து சேர அவர் உடம்புதான் இப்ப இல்ல. உன்னோடது இங்க இருக்கு. நல்லாத்தான் இருக்கு."

"வேணாம்கா."

"நாற்காலி இரண்டு," என்றாள்.

அவர் முதுகுக்குப் பின்னால் மரம் தரையில் உராய்ந்தது.

திரும்பவில்லை. சுவரில் நெற்றியை அழுத்திக்கொண்டார். கண்ணை மூடிக்கொண்டார்.

"இரண்டாவது நாற்காலியில் ஆள் ஒருவர்."

மூச்சு. ஆனால் உள்ளே இழுக்கிற மூச்சு மட்டும். வெளியே விடுகிற சத்தம் வரவே இல்லை.

"கண் இரண்டு. திறந்தபடி." பென்சில் கட்டத்தில் கீறியது. "கை இரண்டு." அவள் நிறுத்தினாள். அழுதுகொண்டு வாசித்தாள். "விரல் பத்து. நகம் இல்லை."

நாற்காலி மறுபடி உராய்ந்தது. காலி நாற்காலியின் சத்தம்.

பக்கத்துச் சுவரில் ஏதோ தடவியது. மெதுவாக. ஒரு சாண். இன்னொரு சாண். தட்டிப் பார்த்தது. நகர்ந்தது. பார்வை இல்லாதவர் ஒரு புது வீட்டில் நடப்பது போல அவ்வளவு பொறுமை. மூலைக்கு வந்தது. மூலையைச் சுற்றியது. அவர் நிற்கிற சுவருக்கு வந்தது.

மூச்சை அடக்கினார்.

தடவல் அவர் தோளில் பட்டது. நின்றது.

சதை மட்டுமான விரல்கள். ஈரம். தோளிலிருந்து கழுத்துக்கு. கழுத்திலிருந்து காதுக்கு. காதின் மடிப்புகளை ஒவ்வொன்றாகத் தடவிப் பார்த்தன, விட்டன. நெற்றி. கண் இமை. மூக்கு. எதுவும் திறக்கவில்லை. எதையும் அவசரப்படுத்தவில்லை. உதட்டுக்கு வந்தன. உதட்டின் நடுவே அந்தக் கோட்டில் இப்படி ஒரு முறை, அப்படி ஒரு முறை ஓடின.

பதினோரு வருடத்தில் முதல் முறையாக அந்த மூச்சு வெளியே வந்தது.

பல்லைக் கடித்துக்கொண்டார். விரலைத் தூக்கினார். தூக்கிக்கொண்டே இருந்தார். உதட்டின் ஓரங்களில் இரண்டு கட்டை விரல்கள் நுழைந்தன. தாடை எலும்பு முறுகியது. சுண்ணாம்பு ருசி.

அக்காவின் குரல் இப்போது மூலையிலிருந்து வரவில்லை. எழுந்து வந்திருந்தாள். மிக அருகே, நாற்காலியில் கிடக்கிற அவர் உடம்பின் முகத்துக்கு நேராகக் குனிந்து பேசிக்கொண்டிருந்தாள். அவரோடு அல்ல.

"வாங்க," என்றாள், வெளியூரிலிருந்து வந்தவரை வரவேற்கிற குரலில். "பாத்து. தலையைக் குனிஞ்சுக்கோங்க, வழி சின்னது."

நான்கு விரல்கள் நாக்கைத் தாண்டின. பிறகு மணிக்கட்டு. பிறகு முழங்கை.